அக்டோபரில் கிண்டி, மார்கழியில் திறக்கும் சட்னி

இங்கிலாந்தின் நடுப்பகுதியில் இருக்கும் நாட்டிங்ஹாம்ஷயர் மாவட்டத்தில் செப்டம்பர் கடைசியில் தொடங்கி அக்டோபர் முழுக்க ஆப்பிளுக்கு விலையே கிடையாது. புறவாசலில் ஒரு மரம் வைத்திருப்பவர்கள் தாங்கள் தின்றதுபோக, உறவுக்குக் கொடுத்ததுபோக மிஞ்சியதை அட்டைப்பெட்டியில் போட்டு வாசல் கேட்டுக்கு வெளியே வைத்துவிடுவார்கள். வேண்டுகிறவர்கள் எடுத்துக்கொள்ளலாம், யாரும் யாரையும் கேட்க வேண்டியதில்லை. திருநெல்வேலியில் முருங்கை காய்த்துத் தள்ளும் நாட்களில் எங்கள் தெருவில் நடந்ததும் இதுதான் என்பதால், வேலை நிமித்தம் அந்த ஊருக்குக் குடிபோன எனக்கு அந்தப் பெட்டிகளைப் பார்த்ததுமே ஊர் பிடித்துப் போயிற்று.

பெட்டியில் இருந்தவை நாம் பழக்கடையில் பார்க்கும் சிவந்த ஆப்பிள்கள் அல்ல. இரண்டு கை சேர்த்துப் பிடிக்கும் பருமன், சப்பையான வடிவம், பச்சைத் தோலில் அங்கங்கே செம்மை தீற்றியிருக்கும். பெயர் பிராம்லி. சமையலுக்கென்றே வளர்க்கிற ஆப்பிள். பச்சையாக ஒரு வாய் கடித்தால் காதோரம் வரை கூசும். ஆனால் அடுப்பில் ஏற்றினால் பத்து நிமிஷத்தில் பஞ்சாக உடைந்து, தண்ணீர்கூடச் சேர்க்காமல் தானே கூழாகிவிடும். மற்ற ஆப்பிள்களைவிட மாலிக் அமிலம் கூடுதலாகவும் சர்க்கரை குறைவாகவும் இருப்பதால் வருகிற குணம் இது. வெந்த பிறகும் புளிப்பு மங்காது. இங்கிலாந்துக்காரர்களின் ஆப்பிள் பை, ஆப்பிள் சாஸ், ஆப்பிள் சட்னி மூன்றுக்கும் உயிர் இந்தப் புளிப்புதான்.

நாங்கள் இருந்த வீட்டுக்கு அடுத்த வீட்டில் அப்படி ஒரு பிராம்லி மரம் நின்றது. அந்த வீட்டு அம்மாளுக்கு அப்போதே எழுபது தாண்டியிருக்கும். தனியாக இருந்தார். மரத்தின் கிளைகளில் பாதி எங்கள் வேலிக்கு இந்தப் பக்கம் சாய்ந்திருந்தன. முதல் அக்டோபரில் ஒரு காலை வேளையில் வேலிக்கு அப்பால் நின்று, “உங்கள் பக்கம் விழுவதெல்லாம் உங்களுடையது. ஆனால் ஒரு நாளும் தரையில் கிடந்து அழுகவிடாதீர்கள்” என்றார். என்ன செய்வது என்று கேட்டேன். “பெரிய பாத்திரம் ஒன்று எடுத்துக்கொண்டு இங்கே வாருங்கள்” என்றார். நான் ஆப்பிள் சட்னி கற்றுக்கொண்டது அந்தச் சமையலறையில்தான்.

பிராம்லியின் கதையையும் அவர்தான் முதலில் சொன்னார். அந்த மாவட்டத்துக்காரர்களுக்கு அது சொந்த ஊர்ப் பெருமை. நாட்டிங்ஹாமிலிருந்து வடகிழக்கே சவுத்வெல் என்று ஒரு சிற்றூர். அங்கே 1809இல் மேரி ஆன் பிரெய்ல்ஸ்ஃபோர்ட் என்ற சிறுமி ஆப்பிள் விதைகளை நட்டு வைத்தாள். அதில் ஒரு விதை மரமாயிற்று. ஆப்பிள் விதையில் முளைக்கும் மரம் தாய் மரத்தைப் போலவே காய்க்காது. ஒவ்வொரு விதையும் ஒரு புது ரகம். அந்தப் பெண் கல்யாணமாகிப் போய்விட்டாள். 1846இல் மாத்யூ பிராம்லி என்ற இறைச்சிக் கடைக்காரர் அந்த வீட்டை வாங்கினார். பத்து ஆண்டு கழித்து உள்ளூர் நாற்றுப்பண்ணையைச் சேர்ந்த ஹென்றி மெர்ரிவெதர் என்ற இளைஞர் அந்த மரத்தின் பழத்தைப் பார்த்து, ஒட்டுக் கட்டக் கிளை கேட்டார். பழம் தன் பெயரில் விற்கப்பட வேண்டும் என்ற நிபந்தனையோடு பிராம்லி சம்மதித்தார். விதை போட்டவள் பெயர் விட்டுப்போய், வீடு வாங்கியவர் பெயர் நிலைத்தது இப்படித்தான். உலகில் இன்று எங்கே பிராம்லி மரம் நின்றாலும் அது அந்த ஒரே மரத்தின் கிளைவழி வந்தது. தாய் மரம் 1900 வாக்கில் புயலில் சாய்ந்து, சாய்ந்த கிளையிலிருந்தே வேர்விட்டு மறுபடி எழுந்தது. பிறகு தேன்காளான் என்ற வேர் நோய் அதைப் பிடித்துக்கொண்டது. நாட்டிங்ஹாம் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அதன் திசுவிலிருந்து கன்றுகளை வளர்த்து வைத்திருக்கிறார்கள்.

அந்த அம்மாளின் ஆப்பிள் வேலைக்கு ஒரு முறை இருந்தது. மரத்திலிருந்து பறிப்பது ஒரு கணக்கு, விழுந்ததைப் பொறுக்குவது வேறு கணக்கு. உள்ளங்கையைப் பழத்துக்கு அடியில் கொடுத்து லேசாக உயர்த்தித் திருப்ப வேண்டும். காம்போடு கையில் வந்துவிட்டால் பழுத்தது; வராவிட்டால் இழுக்கக் கூடாது, இன்னும் சில நாள் விட்டுவிட வேண்டும். அப்படிப் பறித்ததில் ஒரு கீறல்கூட இல்லாதவற்றைச் செய்தித்தாளில் ஒவ்வொன்றாகச் சுற்றி, ஒன்றை ஒன்று தொடாமல் தோட்டத்துக் கொட்டகையில் அடுக்குவார். அவை மார்ச் வரை கெடாது. விழுந்தவை அடிபட்டவை, அடிபட்ட இடம் ஓரிரு நாளில் பழுப்பேறி உள்ளே இறங்கும். அவை அன்றன்றைக்கு அடுப்புக்குப் போக வேண்டும். காலையில் பனி காயும் முன்பே பொறுக்கிவிடுவார். வெயில் ஏறினால் குளவிகள் வந்து துளை போட்டுவிடும்.

அவர் சொல்லிக்கொடுத்த அளவை இன்னும் மாற்றாமல் வைத்திருக்கிறேன். தோல் சீவி, விதைப்பகுதி நீக்கி, கெட்ட இடத்தைத் தாராளமாக வெட்டி எறிந்த பிறகு ஆப்பிள் ஒன்றரை கிலோ. வெங்காயம் அரை கிலோ. உலர்திராட்சை கால் கிலோ. கரும்பின் நிறம் போகாத பழுப்புச் சர்க்கரை அரை கிலோ. வினிகர் 600 மில்லி. இஞ்சி ஒரு பெருவிரல் நீளத்துக்கு. பூண்டு நாலைந்து பல். கடுகு இரண்டு தேக்கரண்டி, உப்பு இரண்டு தேக்கரண்டி, மிளகாய்த் தூள் ஒரு தேக்கரண்டி. பட்டை ஒரு துண்டு, கிராம்பு ஆறு, ஆல்ஸ்பைஸ் ஒரு தேக்கரண்டி. ஆல்ஸ்பைஸ் என்பது ஜமைக்கா பக்கத்தில் விளையும் மிளகு போன்ற உருண்டை. பட்டை, கிராம்பு, ஜாதிக்காய் மூன்றின் வாசமும் ஒன்றில் வரும். இத்தனையும் சேர்ந்து வற்றினால் ஒரு பவுண்டு ஜாடிகள் ஐந்தோ ஆறோ நிரம்பும்.

பாத்திரம் அகலமாக இருக்க வேண்டும், அடி கனமாக இருக்க வேண்டும், எவர்சில்வராக இருக்க வேண்டும். அகலம் இருந்தால்தான் நீர் ஆவியாகப் போகும். பித்தளையும் செம்பும் கூடாது. வினிகரின் அமிலம் உலோகத்தை அரித்துச் சட்னிக்குள் இறக்கிவிடும். ஈயம் பூசாத பித்தளைப் பாத்திரத்தில் புளி விட்டுக் குழம்பு வைக்கக் கூடாது என்று நம் வீடுகளில் பாட்டிமார் சொன்னதற்கும் இதே காரணம்தான்.

எந்தப் பொருளை எப்போது போடுவது என்பதில்தான் சட்னியின் பாதி ருசி இருக்கிறது. எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டி அடுப்பை ஏற்றிவிடலாம் என்று பல சமையல் குறிப்புகள் சொல்கின்றன. அந்த அம்மாள் அப்படி விடமாட்டார். முதலில் வெங்காயத்தையும் ஆப்பிளையும் வினிகரில் மூன்றில் ஒரு பங்கு மட்டும் விட்டுக் குறைந்த தீயில் வேகவைப்பார். அமிலமும் சர்க்கரையும் காய்கனியின் நாரை இறுக்கிவிடும். தொடக்கத்திலேயே அவை நிறைய இருந்தால் வெங்காயம் எத்தனை மணி நேரம் வெந்தாலும் பல்லில் நறுக்கென்று நிற்கும். வெங்காயம் விரலால் நசுக்கினால் மசியும் பதத்துக்கு வந்த பிறகே சர்க்கரையும் மீதி வினிகரும் திராட்சையும் உள்ளே போகும். பட்டை, கிராம்பு, ஆல்ஸ்பைஸ் மூன்றும் மெல்லிய துணியில் சிறு முடிச்சாகக் கட்டி, நூலைப் பாத்திரக் கைப்பிடியில் கட்டிவிடுவார். வாசம் இறங்கும், சாப்பிடும்போது கிராம்பு வாயில் சிக்காது. கடுகும் இஞ்சியும் முடிச்சுக்கு வெளியே, நேராகச் சட்னியிலேயே கிடக்கும்.

அதன் பிறகு ஒன்றரை மணி, இரண்டு மணி நேரம். முதல் அரை மணிக்கு வினிகரின் ஆவி கண்ணைக் கரிக்கும். குளிரானாலும் ஜன்னலைத் திறந்து வைக்க வேண்டும். பாத்திரத்தில் நீர்த்த குமிழ்கள் பரபரவென்று மேலே வரும். நிறம் வெளிறிய மஞ்சள். அப்போது அவ்வப்போது ஒரு கிண்டு போதும். முக்கால் மணி கழிந்ததும் சர்க்கரை வேலையைக் காட்டத் தொடங்கும். மஞ்சள் தேன் நிறமாகி, தேன் நிறம் செம்பழுப்பாகும். வினிகர் நெடி அடங்கி, பட்டையும் இஞ்சியும் வீட்டின் மாடி வரை ஏறும். குமிழ்கள் பெரிதாகும், எண்ணிக்கை குறையும், ஒவ்வொன்றும் வெடிக்கும்போது ‘பொளக்’ என்று சத்தம் வரும். கையில் தெறித்தால் தோல் பொத்துவிடும். நீளக் கைப்பிடியுள்ள மரக்கரண்டி இதற்குத்தான். இந்தக் கட்டத்திலிருந்து அடுப்பை விட்டு நகரக் கூடாது. அடி பிடித்தால் அந்தக் கருகல் வாசம் பாத்திரம் முழுவதும் ஏறிவிடும்.

பதம் பார்க்க அவர் காட்டிய வழி எளிது. மரக்கரண்டியால் பாத்திரத்தின் அடியில் நடுவாக ஒரு கோடு இழுக்க வேண்டும். சட்னி இரண்டு பக்கமும் விலகி, அடித்தகடு வெள்ளையாகத் தெரியும். அந்தப் பாதை உடனே மூடிக்கொண்டு அதில் நீர் ஓடினால் இன்னும் வற்ற வேண்டும். ஒன்று, இரண்டு, மூன்று என்று நிதானமாக எண்ணும்வரை பாதை அப்படியே நின்று, பிறகு சோம்பலாக மூடினால் இறக்கிவிடலாம். ஆறும்போது இன்னும் இறுகும் என்பதால் ஜாம் அளவுக்குக் கெட்டியாகும்வரை காத்திருக்கத் தேவையில்லை. மாங்காய்த் தொக்கில் எண்ணெய் பிரிந்து ஓரத்தில் ஒதுங்குவதை எதிர்பார்த்து அடுப்படியில் நின்ற கண்ணுக்கு இந்தப் பதம் பிடிபட நேரமாகாது. அங்கே எண்ணெய் வந்து நிற்கும் இடத்தில் இங்கே வெறும் அடித்தகடு தெரிகிறது.

என் அம்மா ஓர் அக்டோபரில் திருநெல்வேலியிலிருந்து வந்திருந்தாள். ஊறுகாய் போடுவதில் எங்கள் தெருவில் அம்மாவை மிஞ்ச ஆள் கிடையாது. வடுமாங்காய், நார்த்தங்காய், எலுமிச்சை, தொக்கு என்று பரணி பரணியாக அடுக்கி வைத்திருப்பாள். அடுத்த வீட்டுச் சமையலறையில் மூலையில் போட்ட நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு நாங்கள் கிண்டுவதை முழுக்கப் பார்த்தாள்.

“ஏட்டி, ஒரு பொட்டு எண்ணெய் விடலையே. இது எப்படிட்டி கெடாம இருக்கும்? அந்த அம்மாகிட்ட கேளு” என்றாள்.

நான் கேட்டேன். அந்த அம்மாள் வினிகர் பாட்டிலை எடுத்து அம்மா கையில் கொடுத்து முகர்ந்து பார்க்கச் சொன்னார். கடையில் விற்கும் வினிகரில் நூற்றுக்கு ஐந்து பங்கு அசெட்டிக் அமிலம் இருக்கும். ஊறுகாயில் எண்ணெய் மேலே நின்று காற்றை மறைக்கிறது, உப்பு நீரை இழுத்துக் கட்டுகிறது. சட்னியில் அந்த வேலையை அமிலமும் சர்க்கரையும் பார்க்கின்றன. அமிலத்தன்மையை அளக்கும் பி.எச். அளவு 4.6க்குக் கீழே இருந்தால் பாட்டிலில் அடைத்த உணவில் உயிரைப் பறிக்கும் பொட்டுலினம் கிருமி வளராது. ஆப்பிளின் புளிப்பும் வினிகரும் சேர்ந்த சட்னி அந்தக் கோட்டுக்கு வெகு கீழே நிற்கிறது. இதையெல்லாம் என்னால் முடிந்தமட்டும் தமிழில் சொன்னேன். அம்மா ஒரு நிமிஷம் யோசித்துவிட்டு, “அப்போ புளிப்பு குறைஞ்ச பழத்துல போட்டா, காடியக் குறைக்கக் கூடாதுன்னு சொல்லு” என்றாள். நான் அதை ஆங்கிலத்தில் சொன்னதும் அந்த அம்மாள் எழுந்து வந்து அம்மாவின் தோளைத் தட்டினார். ஒருவர் மொழி ஒருவருக்குத் தெரியாத இரண்டு பேர் அன்று சாயங்காலம் வரை ஒரே பாத்திரத்தை முறை வைத்துக் கிண்டினார்கள். நான் நடுவில் நின்று பேச்சை மாற்றிக் கொடுத்தது முதல் அரை மணி நேரம்தான். பிறகு அதற்கு வேலை இருக்கவில்லை.

மசாலா முடிச்சுக்கு மெல்லிய துணி தீர்ந்துவிட்டது என்றதும் அம்மா பெட்டியிலிருந்து அப்பாவின் பழைய மல் வேட்டித் துண்டு ஒன்றை எடுத்துக் கிழித்துக் கொடுத்தாள். துவைத்துத் துவைத்து இழை தேய்ந்த துணி. அதைவிட நல்ல மசாலாத் துணி தான் பார்த்ததில்லை என்று அந்த அம்மாள் பல வருஷம் சொல்லிக்கொண்டிருந்தார்.

இந்தச் சட்னிக்கும் நமக்கும் உள்ள உறவு வெறும் ஒப்புமை அல்ல; ஏட்டிலேயே இருக்கிறது. இசபெல்லா பீட்டன் என்ற பெண்மணி 1861இல் வெளியிட்ட இல்லப் பராமரிப்பு நூல் இங்கிலாந்தின் நடுத்தரக் குடும்பங்களுக்கெல்லாம் சமையல் வேதமாக இருந்தது. அதில் வங்காள முறைப்படி மாங்காய்ச் சட்னி செய்வது எப்படி என்று ஒரு குறிப்பு வருகிறது. பொருள்களைப் படித்துக்கொண்டே போனால் சர்க்கரை, உப்பு, பூண்டு, வெங்காயம், சுக்குப் பொடி, வற்றல் மிளகாய், முக்கால் பவுண்டு கடுகு, உலர்திராட்சை, இரண்டு பாட்டில் வினிகர் எல்லாம் இருக்கின்றன. மாங்காய் இல்லை. மாங்காய் இருக்க வேண்டிய இடத்தில் பழுக்காத பெரிய புளிப்பு ஆப்பிள் முப்பது என்று எழுதியிருக்கிறது. கடுகை வினிகரில் கழுவி வெயிலில் காயவைக்கச் சொல்கிறது. ஒரு பாட்டில் சட்னிக்கு வெயில் தேடச் சொல்லும் அந்த வரி லண்டனில் பிறந்ததாக இருக்க முடியாது. இந்தியாவில் நெடுநாள் வாழ்ந்த ஆங்கிலப் பெண்மணி ஒருவருக்கு உள்ளூர் ஆள் ஒருவர் சொல்லிக் கொடுத்த முறை இது என்றும், நாடு திரும்பிய பிறகு அந்தப் பெண்மணி இந்தச் சட்னிக்காகவே தன் நண்பர்களிடையே பேர் வாங்கினார் என்றும் குறிப்பின் அடியில் இருக்கிறது. சொல்லிக் கொடுத்தவரின் பெயர் இல்லை.

அந்தப் பெயரில்லாதவரை நான் அடிக்கடி நினைப்பேன். கல்கத்தாவிலோ வேறெங்கோ ஒரு வெள்ளைக்காரக் குடும்பத்துச் சமையல்காரராக இருந்திருக்கலாம். அவர் சொன்ன முறையில் மாங்காய் போய் ஆப்பிள் வந்தது; வெயில் போய் அடுப்பு வந்தது; கடுகும் மிளகாயும் இஞ்சியும் பூண்டும் மட்டும் அப்படியே நின்றுவிட்டன. அதே நூலில் இந்தியச் சட்னி சாஸ் என்று இன்னொரு குறிப்பும் உண்டு. புளிப்பு ஆப்பிளையும் தக்காளியையும் துண்டாக்கி, உப்பு, சர்க்கரை, இஞ்சி, பூண்டு, வினிகரோடு ஜாடியில் அடைத்து, வெதுவெதுப்பான இடத்தில் வைத்து, ஒரு மாதம் தினமும் கிளறிவிட வேண்டும் என்கிறது. பரணியை வெயிலில் வைத்துத் தினமும் குலுக்கிவிட்ட யாருக்கும் இது எங்கிருந்து போனது என்று சொல்ல வேண்டியதில்லை. அம்மாவிடம் இந்தக் கதையைச் சொன்னபோது, “நம்ம கைப்பக்குவம்தான்னு பாத்ததுமே தெரிஞ்சுதே” என்றாள்.

சட்னி சூடாக இருக்கும்போதே சூடான ஜாடியில் அடைக்க வேண்டும். சோப்புப் போட்டுக் கழுவிய கண்ணாடி ஜாடிகளை ஈரத்தோடே 140 டிகிரி செல்சியஸ் அவனில் கால் மணி நேரம் வைத்தெடுப்பார் அந்த அம்மாள். மூடியின் உட்பக்கம் பிளாஸ்டிக் பூச்சு இருக்கிறதா என்று வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பார். வெறும் தகர மூடியை வினிகர் அரித்துவிடும். விளிம்பு வரை நிரப்பி, உள்ளே காற்றுக் குமிழி நிற்காமல் ஒரு கத்தியை விட்டு ஆட்டி, இறுக்கி மூடுவார். மறுநாள் ஆறிய பிறகு, என்ன சட்னி, எந்த மாதம், எந்த வருஷம் என்று கையால் எழுதிய சீட்டு. அதன் பிறகு மாடிப்படிக்கு அடியிலிருக்கும் இருட்டு அலமாரி.

அங்கே அது இரண்டு மாதம், முடிந்தால் மூன்று மாதம் இருக்க வேண்டும். இதில் அவர் யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை. செய்த அன்று ருசி பார்த்தால் வினிகர் தனியாக, இனிப்பு தனியாக, கிராம்பு தனியாக நாக்கில் குத்தும். நாள் போகப் போகப் புளிப்பு துண்டுகளுக்குள் இறங்கும், மசாலாவின் வாசம் எல்லா இடத்துக்கும் பரவும், வினிகரின் முனை மழுங்கும். அக்டோபரில் கிண்டியதை நம் மார்கழி பிறந்த பிறகு, கிறிஸ்துமஸ் வாரத்தில் திறக்கும்போது கரண்டியில் வருவது வேறு பொருள். மாவடுவை உப்பில் போட்டுச் சுருங்கும்வரை தொடாமல் வைத்திருக்கிற வீட்டில் வளர்ந்த எனக்கு இந்தக் கட்டுப்பாடு புதிதல்ல. ஆனால் எல்லாமே அன்றைக்கே வேண்டும் என்றாகிவிட்ட காலத்தில், ஒரு சாப்பாட்டுப் பொருளுக்காக மூன்று மாதம் பொறுக்கச் சொல்லி ஒருவர் கற்றுக்கொடுத்ததை நான் பெரிதாக மதிக்கிறேன்.

அந்த அம்மாளுக்கு இதெல்லாம் அவருடைய தாயாரிடமிருந்து வந்தது. இரண்டாம் உலகப்போர் காலத்தில் 1940 ஜனவரியில் இங்கிலாந்தில் சர்க்கரைக்கு ரேஷன் வந்தது. போர் முடிந்து பல வருஷம் கழித்து, 1953இல்தான் அது நீங்கியது. அந்த நாட்களில் தோட்டத்துப் பழம் எதுவும் வீணாகக் கூடாது என்பதற்காக மகளிர் கழகங்களுக்கு அரசே சர்க்கரை ஒதுக்கியது. பெண்கள் கிராமக் கூடங்களில் கூடி ஜாம் காய்ச்சினார்கள். அப்போது சிறுமியாக இருந்த அவர் ஜாடி கழுவியிருக்கிறார். மிட்டாய்க்கும் கேக்குக்கும் இருந்த சர்க்கரையைச் சேர்த்துவைத்துத் தன் தாயார் ஜாம் கிண்டியதையும், சர்க்கரை போதாத வருஷம் வினிகரைக் கூட்டிச் சட்னியாக்கியதையும் சொல்வார். சொல்லும்போது குரலில் குறை இருக்காது. தரையில் கிடக்கும் ஒரு பழத்தைத் தாண்டிப் போக அவரால் ஏன் முடிவதில்லை என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது.

கிறிஸ்துமஸுக்கு மறுநாள் அவர் வீட்டில் முதல் ஜாடி திறக்கும். மீந்த குளிர்ந்த இறைச்சியோடு அவருடைய மக்கள் சாப்பிடுவார்கள். எனக்கு முரட்டு ரொட்டித் துண்டும் செடார் சீஸும் வரும். செடாரின் உப்பும் கொழுப்பும் மேலேற, அடியிலிருந்து ஆப்பிளின் புளிப்பும் இஞ்சியின் காரமும் வந்து அதை வெட்டும். அதற்கு மேல் ஒரு சேர்க்கையை அந்த நாட்டில் நான் சாப்பிட்டதில்லை. அம்மா தன் பங்குக்கு ஒரு ஜாடியை ஊருக்குக் கொண்டுபோய்த் தயிர்சாதத்துக்கு வைத்துக்கொண்டாள், அடைக்கும் தொட்டுக்கொண்டாளாம். “தேங்காச் சட்னி வைக்க ஏலாத அன்னைக்கு இது ஒண்ணு போதும்ட்டி” என்று தொலைபேசியில் சொன்னாள். பாட்டிலைக் கழுவிக் கவிழ்த்த பிறகும் மூடியில் வாசம் போகவில்லை என்றாள்.

இப்போது நான் திருநெல்வேலியில் இருக்கிறேன். அந்த அம்மாள் காலமாகிவிட்டார். மரம் நிற்கிறது, வீட்டை வாங்கிய இளம் தம்பதி அக்டோபரில் பெட்டி வைக்கிறார்கள் என்று பழைய தெருக்காரர்கள் எழுதுகிறார்கள். இங்கே பிராம்லி கிடைக்காது. ஆனாலும் ஆண்டுதோறும் சட்னி போடுகிறேன்.

நம் கடைகளில் ஆகஸ்ட் முதல் அக்டோபர் வரை ஹிமாசல், காஷ்மீர் ஆப்பிள்கள் வந்து குவியும். ஹிமாசலில் ஆப்பிள் தொழிலுக்கு அடி போட்டவர் சாமுவேல் ஸ்டோக்ஸ் என்ற அமெரிக்கர். 1904இல் இந்தியாவுக்கு வந்து, இங்கேயே மணமுடித்து, விடுதலைப் போரில் சிறை சென்று, பின்னாளில் சத்யானந்த் ஆனவர். 1916 வாக்கில் சிம்லாவுக்கு அப்பால் கோட்கட் மலைப்பகுதியில் அமெரிக்காவின் டெலிஷியஸ் ரகத்தை நட்டார். அது தின்பதற்கான ஆப்பிள்: இனிப்பு அதிகம், புளிப்பு குறைவு. அதை மட்டும் வைத்துச் சட்னி செய்தால் ஜாம் ருசிதான் வரும். அதனால் பாதிக்குப் பாதி பச்சை நிற கிரானி ஸ்மித் சேர்க்கிறேன். இறக்குமதியாகி எல்லா நகரங்களிலும் விற்கும் அந்தப் பழமும் ஒரு பெண்ணின் தோட்டத்தில் தற்செயலாக முளைத்ததுதான்: ஆஸ்திரேலியாவில் சிட்னிக்கு அருகே, 1868இல், மரியா ஆன் ஸ்மித் என்ற மூதாட்டியின் பண்ணையில். டெலிஷியஸ் குழைந்து கூழாகும், கிரானி ஸ்மித் துண்டு துண்டாக நிற்கும். இரண்டும் இருந்தால் சட்னிக்கு உடம்பும் உண்டு, கடிக்கவும் உண்டு. கிரானி ஸ்மித் கிடைக்காவிட்டால் இரண்டு எலுமிச்சம்பழத்தின் சாற்றைக் கூடுதலாக விடுகிறேன். வினிகரை மட்டும் ஒருபோதும் குறைப்பதில்லை. பழுப்புச் சர்க்கரைக்கு நம் நாட்டுச் சர்க்கரை அதைவிட நன்றாகவே பொருந்துகிறது. ஆல்ஸ்பைஸ் இல்லையென்றால் கிராம்பை இரண்டு கூட்டி, ஜாதிக்காய் சிட்டிகை துருவிப் போட்டால் போதும். நம் ஊர் வெக்கையில் மூன்று மாதம் அலமாரியில் இருக்கும். திறந்த பிறகு குளிர்பெட்டியில் வைத்துக்கொள்ள வேண்டும், ஈரக் கரண்டி படக் கூடாது.

கடையில் விற்கும் பாட்டில் சட்னிகளில் பல வகைகளை வாங்கிப் பார்த்திருக்கிறேன். அவற்றில் இனிப்பு முன்னால் நிற்கிறது, புளிப்பு பின்னால் ஒளிந்துகொள்கிறது. ஆப்பிள் சட்னியின் இலக்கணம் அதற்கு நேர்மாறானது. புளிப்பே அதன் முதுகெலும்பு. சர்க்கரையும் மசாலாவும் அதைத் தாங்கி நிற்க வேண்டியவை. மாங்காயின் இடத்தில் உட்காரத் தகுதியான பழம் என்பதால்தானே ஒன்றரை நூற்றாண்டுக்கு முன் அந்தப் பெயரில்லாத சமையல்காரரின் முறைக்குள் ஆப்பிளே வந்தது.

ஆகவே உங்கள் வீட்டில் பழக்கூடையின் அடியில் தோல் சுருங்கிக் கிடக்கும் ஆப்பிள்களைக் குப்பைக்கு அனுப்பாதீர்கள். பழ வண்டிக்காரர் அடிபட்டது என்று ஒதுக்கிவைத்ததைக் கேட்டு வாங்குங்கள்; பாதி விலைக்குத் தருவார். அழுகியதை வெட்டி எறியுங்கள், மீதியைப் புளிப்புப் பழம் ஒன்றோடு சேர்த்து அடுப்பில் ஏற்றுங்கள். ஐப்பசியில் கிண்டி, சீட்டு எழுதி ஒட்டி, தை பிறக்கும்வரை திறக்காமல் வையுங்கள். ஆறு ஜாடி வந்தால் மூன்றை வைத்துக்கொண்டு மூன்றைத் தெருவில் கொடுங்கள்.